பன்னிரண்டு படங்களில் ஒரு நகரம்

பூ கட்டுகிறவர், பேருந்துக்குக் காத்து நிற்கும் கூட்டம், கடையைத் திறந்து வாசலில் தண்ணீர் தெளிக்கும் பையன், மழைக்கு ஒதுங்கி நிற்கும் ஆட்டோக்காரர். பெருநகரத்தின் அன்றாடம் இவர்களால் ஆனது. தினமும் கண்ணில் படுவதாலேயே இவர்களை யாரும் பதிவு செய்வதில்லை. அரண்மனைக்கும் கோயில் கோபுரத்துக்கும் ஆயிரம் படங்கள் இருக்கும். அவற்றின் வாசலில் ஐம்பது ஆண்டுகளுக்கு முன் வளையல் விற்றவருக்கு ஒன்றாவது இருக்குமா என்று தேட வேண்டியிருக்கிறது. அந்த ஒன்று கிடைக்கும்போது, அது பெரும்பாலும் யாரோ ஒருவர் கையில் வைத்திருந்த சிறிய பிலிம் கேமராவில் எடுத்ததாக இருக்கும். அப்படிப்பட்ட பழைய கேமராக்களைத் தேடி வாங்கி, பிலிம் போட்டு, மறுபடியும் தெருவில் இறங்குகிறவர்கள் இன்று பெங்களூரு, சென்னை, மும்பை எல்லா ஊர்களிலும் இருக்கிறார்கள்.

தெருவைப் படமெடுப்பதற்குக் கேமரா முதலில் சிறியதாக வேண்டியிருந்தது. கண்ணாடித் தகடும் முக்காலியும் இருந்த காலத்தில், படமெடுப்பவர் கடை பரப்பி முடிப்பதற்குள் தெருவே நின்று வேடிக்கை பார்க்கும். 1925-இல் ஜெர்மனியின் லைட்ஸ் நிறுவனம் லைக்கா கேமராவை விற்பனைக்குக் கொண்டுவந்தபோது அந்த நிலை மாறியது. சினிமாவுக்கான 35 மி.மீ. பிலிமையே அது பயன்படுத்தியது; உள்ளங்கையில் அடங்கியது; ஒரு சுருளில் 36 படங்கள் எடுக்க முடிந்தது. 1929-இல் வந்த ரோலைஃப்ளெக்ஸ் வேறு வகை. மேலே ஒரு லென்ஸ், கீழே ஒரு லென்ஸ். வயிற்றருகே பிடித்துக்கொண்டு, மேலிருந்து குனிந்து கண்ணாடித் திரையில் காட்சியைப் பார்க்க வேண்டும். இந்த வகைக் கேமராக்களில் பிற்காலத்தில் நிலைத்தது 120 சுருள்; அதில் ஆறு சென்டிமீட்டர் சதுரத்தில் 12 படங்கள் விழும்.

இந்தியாவில் லைக்காவும் ரோலைஃப்ளெக்ஸும் பத்திரிகைக்காரர்களுக்கும் வசதி படைத்தவர்களுக்கும் மட்டுமே எட்டின. ஸ்டூடியோக்காரர்களும் கல்யாணப் புகைப்படக்காரர்களும் ரோலைஃப்ளெக்ஸ் பாணியில் ஜப்பானில் செய்த யாஷிகா கேமராக்களை நம்பியிருந்தார்கள். நடுத்தரக் குடும்பங்களுக்கு வாய்த்தது பரோடாவில் நியூ இந்தியா இண்டஸ்ட்ரீஸ் தயாரித்த ஆக்ஃபா கிளிக் III. தூரம் பார்த்து ஃபோகஸ் செய்யும் வேலை அதில் இல்லை. வெயிலா மேகமூட்டமா என்று பார்த்து ஒரு விசையைத் தள்ளினால் போதும். சுற்றுலா போன இடம், குழந்தையின் முதல் பிறந்த நாள், புதிதாக வாங்கிய ஸ்கூட்டர் என்று பல வீடுகளின் பழைய ஆல்பங்களில் இருக்கும் சதுரப் படங்கள் இந்த எளிய கேமராவின் கொடை. அவற்றில் பின்னணியாகத் தற்செயலாக விழுந்த தெருவும் கடைப்பலகையும் இன்று முன்னணியில் இருப்பவர்களுக்கு நிகரான மதிப்புடையவை.

மைசூரு, தெருவைப் படமெடுக்கும் கலையில் தேர்ந்த ஒருவரை இந்தியாவுக்குத் தந்த ஊர். மைசூரில் 1923-இல் பிறந்த டி.எஸ். சத்யன், மகாராஜா கல்லூரியில் படித்தவர். பெங்களூரில் 1948-இல் டெக்கான் ஹெரால்டு நாளிதழ் தொடங்கப்பட்டபோது அதில் புகைப்படக்காரராகச் சேர்ந்தார். பிறகு பம்பாயின் இல்லஸ்ட்ரேட்டட் வீக்லிக்குப் போனார். அதன் பின் எந்த ஆசிரியருக்கும் கட்டுப்படாமல் தனித்து இயங்கினார். லைஃப், டைம் போன்ற வெளிநாட்டு இதழ்களிலும் அவர் படங்கள் வந்தன. உலக சுகாதார நிறுவனத்துக்காகப் பெரியம்மை ஒழிப்புப் பணியைப் படமெடுத்தார். 1977-இல் பத்மஸ்ரீ விருது கிடைத்தது. சர்வதேசக் குழந்தைகள் ஆண்டான 1979-இல், குழந்தைகளைப் பற்றிய அவருடைய படங்களை யுனிசெஃப் அமைப்பு ஐக்கிய நாடுகள் சபையின் தலைமையகத்தில் கண்காட்சியாக வைத்தது. எழுத்தாளர் ஆர்.கே. நாராயணனின் நண்பர், அவரைப் பலமுறை படமெடுத்தவர். 2009 டிசம்பரில் மைசூரிலேயே காலமானார்.

தலைவர்களையும் பெரிய நிகழ்வுகளையும் சத்யன் எடுத்திருக்கிறார். ஆனால் அவர் பெயர் நிலைப்பது சாதாரண மனிதர்களின் படங்களால்தான்: விளையாடும் பிள்ளைகள், வேலை செய்யும் பெண்கள், திண்ணையில் பேசிக்கொண்டிருக்கும் கிழவர்கள். வறுமையைக் காட்டும்போதும் அந்த மனிதரின் கௌரவத்தைக் குறைக்காத கண் அது. இந்தியாவைப் படமெடுக்க வந்த பலர் தவறவிட்டது அதைத்தான்.

சத்யனுக்கு முன்பே தெருப்படத்துக்கு இலக்கணம் வகுத்தவர் என்று பலரும் சொல்லும் ஆன்ரி கார்த்தியே-பிரெஸ்ஸோன் 1947-இல் இந்தியாவுக்கு வந்தார். காந்தியின் கடைசி நாட்களைப் பதிவு செய்த அவர், 1950-இல் திருவண்ணாமலைக்கும் வந்து ரமணரின் இறுதி நாட்களைப் படமெடுத்தார். லைக்கா, 50 மி.மீ. லென்ஸ், கறுப்பு வெள்ளை பிலிம்: பெரும்பாலும் இவ்வளவுதான் அவருடைய கருவிகள். 1966-இல் ஜெய்ப்பூரில் அவர் வேலை செய்வதை அருகில் இருந்து பார்த்த இளைஞர் ரகுபீர் சிங் நேர் எதிரான வழியில் போனார். இந்தியத் தெருவை வண்ணத்தில்தான் எடுக்க வேண்டும் என்பது அவருடைய உறுதியான கொள்கை. அவர் பயன்படுத்திய கோடாக்ரோம், சாதாரண ஸ்டூடியோவில் கழுவ முடியாத ஸ்லைடு பிலிம். சாயங்கள் கழுவும்போதுதான் சேர்க்கப்படும் என்பதால் அதற்கென்று தனி ஆய்வகம் வேண்டும். கல்கத்தா, பம்பாய், தமிழ்நாடு பற்றிய அவருடைய நூல்களில் ஒரே சட்டகத்துக்குள் நாலைந்து சம்பவங்கள் ஒன்றோடொன்று முட்டிக்கொள்ளாமல் நிகழ்கின்றன. 1935-இல் வந்த கோடாக்ரோமின் உற்பத்தி 2009-இல் நின்றது. அதைக் கழுவிய கடைசி ஆய்வகம் 2010 முடிவில் அந்த வேலையை நிறுத்தியது.

மும்பையில் கேதகி சேத் தன் ஊரின் தெருக்களைப் பல ஆண்டுகள் கறுப்பு வெள்ளையில் எடுத்து ‘பாம்பே மிக்ஸ்’ என்ற நூலாக 2007-இல் வெளியிட்டார். அதே ஆண்டு அமெரிக்காவின் சிகாகோவில் ஏலத்துக்கு வந்த பெட்டிகளிலிருந்து விவியன் மேயர் என்ற பெண்மணியின் நெகட்டிவ்கள் வெளிவந்தன. குழந்தைகளைப் பார்த்துக்கொள்ளும் ஆயாவாக வேலை செய்தவர் அவர். ஓய்வு நேரத்தில் ரோலைஃப்ளெக்ஸோடு தெருவில் நடந்து ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட படங்களை எடுத்திருந்தார். பல சுருள்கள் கழுவப்படாமலே கிடந்தன. அவர் யாரென்று உலகம் தெரிந்துகொண்டபோது அவர் உயிரோடு இல்லை.

இவர்கள் எல்லோருக்கும் பிலிம் வேண்டும். இந்தியாவில் நெடுங்காலம் அது இறக்குமதிச் சரக்கு. அந்தக் குறையைப் போக்க 1960-இல் மத்திய அரசு ஊட்டியில் ஹிந்துஸ்தான் ஃபோட்டோ ஃபிலிம்ஸ் நிறுவனத்தைத் தொடங்கியது. பிலிம் செய்வது தூசிக்கும் வெப்பத்துக்கும் அஞ்ச வேண்டிய தொழில். ஒளிபுகும் மெல்லிய தாளின் மீது, வெள்ளி உப்பு கலந்த ஜெலட்டினை முழு இருட்டில் ஒரே சீராகப் பூச வேண்டும். ஒரு துகள் விழுந்தாலும் ஒவ்வொரு பிரிண்டிலும் புள்ளியாகத் தெரியும். நீலகிரியின் குளிர்ந்த, தூசி குறைந்த காற்றும் தண்ணீர் வளமும் அதற்குத் தோதாக இருந்தன. 1967-இல் உற்பத்தி தொடங்கியது. ‘இந்து’ என்ற பெயரில் கறுப்பு வெள்ளை பிலிமும், மருத்துவமனைகளுக்கு எக்ஸ்ரே பிலிமும் அங்கிருந்து நாடு முழுக்கப் போயின. தொழிற்சாலையைச் சுற்றி உருவான குடியிருப்புக்கே இந்து நகர் என்று பெயர். வண்ணப் படமும், இறக்குமதித் தளர்வும், அதன் பின் டிஜிட்டலும் அடுத்தடுத்து வந்தபோது ஆலை நலிந்து, கடைசியில் மூடப்பட்டது. இந்திய மண்ணில் பிலிம் செய்யத் தெரிந்த ஒரு தலைமுறைத் தொழிலாளர்களின் கைத்திறனும் அதோடு போய்விட்டது. இது உண்மையான இழப்பு; இதைப் பற்றிப் பேசுகிறவர்கள் மிகக் குறைவு.

பழைய கேமராவோடு தெருவில் வேலை செய்வது எப்படி? மைசூரின் தேவராஜ மார்க்கெட்டை எடுத்துக்கொள்ளலாம். குங்குமக் குவியல்கள், வாழைத்தார்கள், மல்லிகைச் சரங்கள், குறுகிய நடைபாதைகள். கூரை இடுக்கிலிருந்து விழும் வெயில் பட்டை ஒரு பக்கம், இரண்டடி தள்ளி அடர்ந்த நிழல் மறு பக்கம். இங்கே ஒளியைக் கேமரா கணக்கிட்டுச் சொல்லாது. பல பழைய கேமராக்களில் ஒளிமானியே கிடையாது, இருந்தாலும் வயதாகிப் பொய் சொல்லும். அதனால் ஒரு பழைய விதியை மனதில் வைத்துக்கொள்வார்கள். நல்ல வெயிலில் லென்ஸின் துளை எஃப் 16 என்றால், ஷட்டர் வேகம் பிலிமின் ஐஎஸ்ஓ எண்ணுக்கு இணை. ஐஎஸ்ஓ 400 பிலிமுக்கு நொடியில் ஐந்நூறில் ஒரு பங்கு. வெயில் மங்கினால் துளையை ஒரு படி திறக்க வேண்டும், மேகமூட்டத்துக்கு இரண்டு படி, கட்டட நிழலுக்கு மூன்று படி. மார்க்கெட்டின் உள்ளே அதற்கும் மேலே இரண்டு மூன்று படி போக வேண்டியிருக்கும். கொஞ்ச நாளில் கண்ணே ஒளிமானியாகிவிடும்.

ஃபோகஸுக்கும் இதே போன்ற முன்னேற்பாடு உண்டு. 35 மி.மீ. லென்ஸில் துளையை எஃப் 8-க்கும் தூரத்தை மூன்று மீட்டருக்கும் வைத்துவிட்டால், ஏறத்தாழ இரண்டு மீட்டரிலிருந்து ஏழு மீட்டர் வரை நிற்பவர்கள் எல்லோரும் தெளிவாக விழுவார்கள். பிறகு ஃபோகஸ் வளையத்தைத் தொடவே வேண்டியதில்லை. எதிரே வருகிறவரின் நடையையும் முகத்தையும் மட்டும் கவனித்துக்கொண்டிருந்து, அவர் அந்த எல்லைக்குள் காலை வைக்கும்போது அழுத்தினால் போதும். லென்ஸின் மீது செதுக்கியிருக்கும் எண்கள் இந்தக் கணக்குக்காகவே இருக்கின்றன.

ரோலைஃப்ளெக்ஸ், யாஷிகா வகையில் வேறு சிரமம். திரையில் காட்சி இட வலம் மாறித் தெரியும்; வலப்பக்கம் போகிற சைக்கிள் திரையில் இடப்பக்கம் போகும். பழகும் வரை கேமராவைத் தவறான பக்கம் திருப்பிக்கொண்டே இருக்க நேரும். ஆனால் அதற்கு ஒரு பெரிய நன்மை உண்டு. படமெடுப்பவர் முகத்தைக் கருவியால் மறைத்து எதிராளியைக் குறிவைப்பதில்லை. தலை குனிந்து நிற்கிறார். பூக்காரம்மாவுக்கும் அவருக்கும் இடையே பேச்சு தொடர்கிறது. “தம்பி, இது எந்தக் காலத்துப் பெட்டி?” என்ற கேள்வி பெங்களூரு சிவாஜி நகரிலும் அல்சூரிலும் தமிழிலேயே வரும். அந்தக் கேள்விக்குப் பொறுமையாகப் பதில் சொல்லி, திரையை எட்டிப் பார்க்கவும் விடுகிறவர்களுக்கே நல்ல படங்கள் கிடைக்கின்றன. வேண்டாம் என்று கையசைக்கிறவரை எடுக்காமல் நகர்வது இந்தத் தொழிலின் அடிப்படை மரியாதை.

எண்ணிக்கை ஒரு கட்டுப்பாடு. சுருளில் 12 அல்லது 36, அவ்வளவுதான். சுருள் விலை, கழுவும் கூலி, ஸ்கேன் கூலி எல்லாம் சேர்ந்தால் ஒவ்வொரு படத்துக்கும் பல பத்து ரூபாய் ஆகிறது. எடுத்ததை உடனே பார்க்கவும் முடியாது. ஆகவே ஒரு மூலையைத் தேர்ந்துகொண்டு நின்று, என்ன நடக்கிறது என்று பார்த்து, எதை எடுக்க வேண்டாம் என்று தீர்மானிக்கும் நேரம் கூடுகிறது. பழைய கேமராவின் உண்மையான பயன் இங்கேதான் இருக்கிறது. பிலிமின் மணிமணியான தோற்றத்தைக் கைபேசிச் செயலி நொடியில் போலியாகச் செய்து தந்துவிடும். அரை மணி நேரம் ஒரே இடத்தில் நிற்க அது கற்றுத் தராது. சுவாரசியமில்லாத காட்சியை பிலிமில் எடுத்தாலும் அது சுவாரசியமாகிவிடாது என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். இரவுத் தெருவில், மங்கிய குழல்விளக்கில், இன்றைய டிஜிட்டல் கேமரா பிலிமைவிட வெகு தூரம் முன்னே நிற்கிறது.

எடுத்த சுருளைக் கழுவுவதில் நம் ஊர் வெப்பம் ஒரு தடை. கறுப்பு வெள்ளை பிலிமை வீட்டிலேயே கழுவலாம். முழு இருட்டில் பிலிமை ரீலில் சுற்றி, ஒளி புகாத டாங்கில் போட்டு மூடிவிட்டால் மற்ற வேலைகளை விளக்கு வெளிச்சத்தில் செய்யலாம். கோடாக் 1927-இல் கொண்டுவந்த டி-76 டெவலப்பரே இன்றும் பலருடைய தேர்வு. இல்ஃபோர்டு எச்பி5 பிலிமுக்கு 20 டிகிரி செல்சியஸில் அதில் ஏழரை நிமிடம். சென்னையில் மே மாதக் குழாய்த் தண்ணீர் 30 டிகிரியைத் தாண்டும். அந்தச் சூட்டில் நேரம் பாதிக்கும் கீழே சுருங்கிவிடும்; ஐந்து நிமிடத்துக்குள் முடிகிற கழுவலில் படம் திட்டுத் திட்டாகும் வாய்ப்பு அதிகம். எனவே அகலப் பாத்திரத்தில் பனிக்கட்டி போட்டு, டெவலப்பர் புட்டியை அதில் நிறுத்தி, வெப்பமானியைப் பார்த்துக்கொண்டே இறக்குவார்கள். மைசூரு, பெங்களூரு வாசிகளுக்கு ஆண்டின் பெரும்பகுதி இந்தத் தொல்லை குறைவு. டெவலப்பருக்குப் பின் அமிலக் குளியல், அதன் பின் ஸ்டூடியோக்காரர்கள் ஹைப்போ என்று அழைக்கும் ஃபிக்ஸர், கடைசியில் நன்றாக அலசல். ஆழ்துளைக் கிணற்றின் கடினத் தண்ணீரில் அலசி அப்படியே தொங்கவிட்டால் சுண்ணாம்புப் பொட்டுகள் காய்ந்து ஒட்டிக்கொள்ளும். கடைசி அலசலுக்கு மட்டுமாவது காய்ச்சி வடித்த தண்ணீர் வேண்டும்.

வண்ண நெகட்டிவுக்கு சி-41 என்ற முறை. டெவலப்பர் 38 டிகிரியில் இருக்க வேண்டும், அரை டிகிரி பிசகினாலும் நிறம் மாறும். அதனால் பெரும்பாலோர் ஆய்வகத்துக்கே கொடுக்கிறார்கள். விலை குறைவு என்று சினிமா பிலிமை வெட்டிச் சுற்றி விற்பதை வாங்குகிறவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். கோடாக் சினிமா நெகட்டிவின் பின்புறம் கரிப்பூச்சு ஒன்று இருந்துவந்திருக்கிறது. அதை நீக்காத சுருளை சாதாரண சி-41 இயந்திரத்தில் விட்டால் கரி கரைந்து, மற்றவர்களின் சுருள்களும் கெடும். கொடுக்கும்போதே ஆய்வகத்தாரிடம் சொல்லிவிடுவது கடமை.

பழைய கேமரா வாங்குவதற்குத் தில்லி சாந்தினி சவுக்கின் கூச்சா சௌத்ரி சந்தை, மும்பையின் சோர் பஜார் போன்ற இடங்கள் இருக்கின்றன; மூடிய ஸ்டூடியோக்களின் அலமாரிகளிலிருந்தும் வருகின்றன. வாங்கும் முன் பின்கதவைத் திறந்து, ஷட்டரை ஒரு நொடி வேகத்தில் வைத்து அழுத்திப் பார்க்க வேண்டும். பழைய எண்ணெய் பிசினாகி இறுகியிருந்தால் ஒரு நொடி மூன்று நொடியாகும், அல்லது திறந்தபடியே நிற்கும். பிறகு லென்ஸைத் திறந்து வைத்து வெளிச்சத்துக்கு எதிரே பிடித்துப் பார்க்க வேண்டும். சிலந்தி வலை போன்ற இழைகள் தெரிந்தால் பூஞ்சை. கடற்கரை நகரங்களின் ஈரக்காற்றில் பூட்டி வைத்த கேமராக்களுக்கு வரும் நோய் இது. கதவின் ஓரத்துக் கறுப்புப் பஞ்சு தொட்டால் பிசுபிசுவென்று ஒட்டினால் உள்ளே வெளிச்சம் கசியும். அதை மாற்றுவது எளிது. புதிதாகத் தொடங்குகிறவருக்கு 1976 முதல் 1997 வரை விற்ற பென்டாக்ஸ் கே1000 போன்ற இயந்திரக் கேமரா ஏற்றது. பாட்டரி தீர்ந்தாலும் ஒளிமானி மட்டுமே நிற்கும். ஷட்டர் வேலை செய்யும். புதிதாகவும் வருகின்றன: 2024-இல் அதே பென்டாக்ஸ் பெயரில், ஒரு சுருளில் 72 அரைப்படம் எடுக்கும் பிலிம் கேமரா வந்தது. அதற்கு முந்தைய ஆண்டு இங்கிலாந்தின் ஹார்மன் நிறுவனம் புதிய வண்ண பிலிம் ஒன்றை வெளியிட்டது.

இவ்வளவு பாடுபட்டு எடுத்ததைக் காப்பாற்றுவது தனி வேலை. தமிழ்நாட்டில் எத்தனையோ ஸ்டூடியோக்கள் மூடப்பட்டபோது பல்லாண்டு நெகட்டிவ்கள் குப்பைக்கும் பழைய சாமான் கடைக்கும் போயின. புதுச்சேரி பிரெஞ்சு ஆய்வு நிறுவனம், பிரிட்டிஷ் நூலகத்தின் அழியும் ஆவணங்கள் திட்டத்தின் உதவியோடு, தமிழக ஸ்டூடியோக்களின் பழைய படங்களைத் தேடி எடுத்து டிஜிட்டல் வடிவில் சேமித்திருக்கிறது. அப்படி மீண்டவற்றில் குடும்பங்களின் உடை, நகை, நிற்கும் முறை, திரையில் வரைந்த கனவுக் காட்சி எல்லாம் இருக்கின்றன. தெருவின் படங்களுக்கு இப்படி ஒரு முயற்சி இன்னும் பரவலாக நடக்கவில்லை. அவை பெரும்பாலும் தனி மனிதர்களின் பெட்டிகளில்தான் கிடக்கின்றன.

அசிடேட் பிலிம் வெப்பத்திலும் ஈரத்திலும் சிதையும்போது காடி வாசனை வீசும். ஒரு பெட்டியில் அந்த வாசனை வந்தால் கெட்ட சுருளை உடனே பிரித்து வைக்க வேண்டும். அருகில் இருப்பதையும் அது கெடுக்கும். பிவிசி உறைகளைத் தவிர்த்து, அமிலமற்ற காகித உறையிலோ பாலிப்ராப்பிலீன் உறையிலோ ஆறாறு படங்களாக வெட்டி வைத்து, எஃகு அலமாரியில், சமையலறைக்கும் மாடிக் கூரைக்கும் தள்ளி, சிலிக்கா ஜெல்லோடு வைப்பது நல்லது. உறையில் நெகட்டிவை நுழைப்பதற்கு முன்பே தெருவின் பெயர், தேதி, தெரிந்தால் கடையின் பெயர் ஆகியவற்றைப் பென்சிலால் எழுதிவிட வேண்டும். பால்பாயிண்ட் மை காலப்போக்கில் ஊறிப் படத்துக்கு வந்துவிடும். ஸ்கேன் செய்த பிறகும் நெகட்டிவைத் தூக்கிப் போடக்கூடாது. ஸ்கேன் கருவிகள் ஆண்டுக்கு ஆண்டு மேம்படுகின்றன. கணினித் தட்டு ஒரு நாள் திறக்காமல் போகலாம். நெகட்டிவை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்தாலே படம் தெரியும்.